கோவெல் ஊர் இளவரசர்

அன்புள்ள சேதுவுக்கு,

உன் கடிதம் வந்து இருபது நாளாகிறது. கண்புரை எடுத்த பிறகு எழுத்து இப்போதுதான் தெளிவாகத் தெரிகிறது. தாமதத்துக்கு அதுதான் காரணம், கோபதாபம் ஒன்றும் இல்லை. பேத்திக்கு மொட்டை அடித்த படத்தைப் பார்த்தேன். உன் காது அப்படியே அவளுக்கு, பாவம்.

'வந்த கதையையெல்லாம் படமாக்கித் தள்ளுகிறவன் கலைஞனா?' என்று மறுபடியும் ஆரம்பித்திருக்கிறாய். கல்லூரி நாளிலிருந்து இதே சண்டைதான். இந்த முறை என் பக்கம் ஒரு சாட்சி கிடைத்திருக்கிறார். போலந்துத் திரைப்பட இயக்குநர், மிஹாவ் வஷின்ஸ்கி.

1904இல் கோவெல் என்ற ஊரில் யூதக் குடும்பத்தில் மோஷே வாக்ஸாகப் பிறந்தவர். அந்த ஊர் இன்று உக்ரைனில் இருக்கிறது. வார்சாவுக்குப் போனார், பெயரை மாற்றினார், கத்தோலிக்கரானார், படம் எடுக்க இறங்கினார். 1930களில் போலந்தில் வந்த படங்களில் ஏறக்குறைய நான்கில் ஒன்று இவருடையது. நகைச்சுவை, காதல், கண்ணீர்க் கதை, பாட்டுப் படம் என்று எதையும் விடவில்லை. அன்று போலந்தில் இருந்த லுவோவ் நகர வானொலியில் பேசிப் பேர் வாங்கிய இரண்டு கோமாளிகளை வைத்தும் படம் எடுத்தார். நிறைய அவசரச் சமையல்தான், ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் 1937ஐ மட்டும் எடுத்துக்கொள். ஒரே ஆண்டில் இரண்டு படங்கள். 'ஸ்நாகோர்' படத்தில் ஓர் அறுவை மருத்துவர் அடிபட்டு நினைவிழக்கிறார். தன் பெயரே தெரியாமல் ஊர் ஊராக அலைந்து, கடைசியில் கிராமத்து வைத்தியராகிறார். பெயர் மறந்தாலும் கைக்குத் தொழில் மறக்கவில்லை. மற்றொன்று 'டிப்புக்', கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் வீட்டில் பேசிய இத்திஷ் மொழியில். செத்துப்போன காதலனின் ஆவி மணப்பெண்ணுக்குள் புகுந்து அவள் வாயால் பேசுகிறது. கல்யாணத்தன்று ஊர் ஏழைகளோடு மணப்பெண் ஆட வேண்டும் என்பது வழக்கம். கூனர்களும் பிச்சைக்காரர்களும் அவளை மாற்றி மாற்றி இழுத்துச் சுற்றுகிறார்கள். அப்புறம் மண்டையோட்டு முகமூடி போட்ட ஓர் உருவம் வந்து அவளோடு ஆடுகிறது. அந்த இடத்தில் டம்ளரைக் கீழே வைத்துவிட்டேன், காபி ஆறிப்போனதுகூடத் தெரியவில்லை.

பெயரைப் புதைத்த மனிதருக்கு ஏன் இந்த இரண்டு கதைகள்? தயாரிப்பாளர் கொடுத்த கதை, தற்செயல் என்பாய். இருக்கட்டும். பிறந்த வீட்டு மொழியில் படமெடுக்க உட்கார்ந்தவரின் கை மட்டும் அன்றைக்கு அவசரப்படவில்லை, அது திரையில் தெரிகிறது. எடுத்து இரண்டே ஆண்டில் போர் வந்தது. அந்த மொழி பேசிய போலந்து யூதர்களில் பெரும்பாலோரைக் கொன்றுவிட்டார்கள்.

இவர் தப்பினார். சோவியத் மண்ணில் ஜெனரல் ஆண்டர்ஸ் திரட்டிய போலந்துப் படையோடு பாரசீகம், பாலஸ்தீனம் வழியாக இத்தாலிக்கு வந்து, 1944இல் மோன்டே காசினோ போரைப் படம் பிடித்தார். பிறகு நாடு திரும்பவில்லை. அமெரிக்க இயக்குநர் ஆர்சன் வெல்ஸின் 'ஒதெல்லோ'வில் உதவி இயக்குநர், அப்புறம் ஹாலிவுட்காரர்களுக்கு ஐரோப்பாவில் தயாரிப்பு வேலை. மாட்ரிட் பக்கம் பழைய ரோமாபுரியின் மன்றத்தையே கட்டி எழுப்பினார்களே, 'ரோமப் பேரரசின் வீழ்ச்சி', அந்தப் படக் குழுவிலும் இருந்தார். ரோமிலும் மாட்ரிட்டிலும் தன்னைப் போலந்து இளவரசர் என்று சொல்லிக்கொண்டார். பட்டம் பொய், தோரணை மட்டும் அசல்! 1965இல் மாட்ரிட்டில் இறந்தார், அடக்கம் ரோமில்.

எந்தக் கதை கொடுத்தாலும் எடுத்துத் தருகிற தொழில்காரன் என்றால் உனக்கு இளப்பம். எனக்கோ இவர் எடுத்த வேடங்களிலேயே பெரியது இந்த இளவரசர் வேடம்தான் என்று படுகிறது. அதற்கு இயக்குநரும் அவரே, நடிகரும் அவரே.

'டிப்புக்'கைப் பார்த்துவிட்டு எழுது. மெதுவாகத்தான் போகும், அந்தக் கல்யாண ஆட்டம் வரும்வரை எழுந்து போகாதே. வீட்டில் எல்லோரையும் விசாரித்ததாகச் சொல். மூட்டுவலிக்கு எண்ணெய் தேய்க்கிறாயா, இல்லையா?

அன்புடன்,
வேலு