கடைசியாக வருபவருக்கும் வேலை கொடுத்தவர்களுக்கு

தண்டையார்பேட்டை, கொருக்குப்பேட்டை, காசிமேடு, புது வண்ணாரப்பேட்டை நண்பர்களுக்கும், அவர்களைப் பொறுத்துக்கொண்ட வீட்டாருக்கும் வணக்கம்.

எங்கள் ஞாயிறு மாலை கார் வீடியோ கேம் கூட்டத்தின் மழைக்காலச் சுற்று நல்லபடியாக முடிந்துவிட்டது. வென்றவர்களுக்கு அன்றைக்கே கைதட்டியாகிவிட்டது, கோப்பையும் கொடுத்தாகிவிட்டது. இந்த மடல் அவர்களுக்கு அல்ல. என்ன விளையாடுவது, எப்படி விளையாடுவது என்று யோசித்துக் கொடுத்தவர்களுக்கு. அவர்களில் பாதிப் பேர் வாழ்நாளில் கன்ட்ரோலரைக் கையில் எடுத்தவர்கள் இல்லை. பெயர் போட்டு எழுதலாம் என்றுதான் உட்கார்ந்தேன். ஒருவர் விடுபட்டாலும் ஆண்டு முழுக்கப் பேச்சு வாங்க வேண்டியிருக்கும்; இரண்டு பேர் பெயரே வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார்கள். ஆகவே யார் பெயரும் இல்லை. படிக்கும்போது அவரவருக்குத் தெரிந்துவிடும்.

வெறும் பந்தயம் வைத்தால் என்ன நடக்கும் என்பது எல்லோரும் அறிந்ததே. நன்றாக ஓட்டும் இரண்டு பேர் முதல் வளைவிலேயே பிரிந்து போய்விடுவார்கள். நடுவில் நாலு பேர் இடித்துக்கொள்வார்கள். கடைசியில் வருபவர் ஒரு கையால் ஓட்டிக்கொண்டே மறுகையால் போனைப் பார்க்கத் தொடங்குவார். அடுத்த வாரம் அவர் வரமாட்டார். சில விளையாட்டுகள் இதற்கு ஒரு மருந்து வைத்திருக்கின்றன: பின்தங்கியவரின் வண்டிக்கு யாருக்கும் தெரியாமல் வேகத்தைக் கூட்டிக் கொடுத்துவிடும். எனக்கு அது அறவே பிடிக்காது. அப்படிப் பிடித்த இடத்தில் யாருக்கும் பெருமை இல்லை. முன்னால் போனவருக்கு ஆத்திரம்தான் மிச்சம். பின்தங்குபவருக்கு வேகம் வேண்டாம், வேலை வேண்டும். எங்களுக்கு உதவிய எல்லோரும் ஏதோ ஒரு விதத்தில் இந்த வேலையைத்தான் கண்டுபிடித்துக் கொடுத்தார்கள்.

முதல் நன்றி, தங்கசாலையில் பழைய கன்சோல்களைப் பழுது பார்க்கும் அண்ணனுக்கு. 2008இல் வந்த 'பர்ன்அவுட் பாரடைஸ்' விளையாட்டை அவர்தான் எங்களுக்குப் போட்டுக் காட்டினார். அதில் 2 பேர் முதல் 8 பேர் வரை, எத்தனை பேர் கூடுகிறார்களோ அதற்கேற்பத் தனித்தனிச் சவால்கள் இருக்கின்றன. எல்லோரும் ஒரே இடத்தில் கூடு, ஒரே மேட்டிலிருந்து தாவு, ஒருவர் மேல் ஒருவர் பறந்து போ என்ற ரகம். ஒருவர் செய்து முடித்தால் போதாது, கூட்டமே செய்து முடிக்க வேண்டும். "யார் ஜெயித்தது என்று கேட்காதே, எத்தனை பேர் முடித்தார்கள் என்று கேள்" என்று அவர் சொன்னபோது ஏதோ தத்துவம் பேசுகிறார் என்று சிரித்தோம். பிறகு நாங்கள் செய்த எல்லாவற்றுக்கும் அதுவே அளவுகோல் ஆகிவிட்டது.

'பூனையும் எலியும்' ஆட்டத்தைக் காட்டியதும் அவரே. ஃபோர்ஸா வரிசை விளையாட்டுகளை ஆடுபவர்கள் தங்களுக்குள் கண்டுபிடித்துக்கொண்ட முறை அது. இரண்டு அணிகள். ஒவ்வோர் அணியிலும் ஒரே ஒரு மெதுவான வண்டி, அதுதான் எலி. மற்றவை எல்லாம் வேகமான வண்டிகள். எந்த எலி முதலில் கோட்டைத் தாண்டுகிறதோ அந்த அணிக்கு வெற்றி. பூனைகள் தம் எலியைக் காக்க வேண்டும், எதிர் எலியைச் சாலையிலிருந்து தள்ள வேண்டும். நாங்கள் சேர்த்த ஒரே விதி, அன்று வந்திருப்பவர்களில் யார் மிகக் குறைவாக ஓட்டப் பழகியவரோ அவரே எலி. அதுவரை மூலையில் உட்கார்ந்திருந்த ஒரு கல்லூரித் தங்கையைச் சுற்றி மூன்று பெரிய கார்கள் அரண் கட்டிக்கொண்டு போன அழகைப் பார்த்திருக்க வேண்டும். ஊர்வலத்தில் தேர் வருவதுபோல் நிதானமாக வந்து சேர்ந்தார். அவர் இடிபடாமல் வந்ததற்காகக் காரை அப்பளமாக நொறுக்கிக்கொண்ட பூனைகளுக்கும் இங்கேயே நன்றி சொல்லிவிடுகிறேன்.

அடுத்தது என் நண்பனின் அம்மாவுக்கு. டீ கொண்டுவந்து வைத்துவிட்டுத் திரையையே பார்த்துக்கொண்டு நின்றவர், "இதில் ரோட்டை விட்டு இறங்கினாலும் வண்டி ஓடுமா?" என்று கேட்டார். ஓடும் என்றோம். "அப்படியென்றால் கல்லா மண்ணா விளையாடலாமே" என்றார். அவ்வளவுதான். நாங்கள் அன்று திட்டம் போட்டு வைத்திருந்த எல்லாமும் காலி.

2021இல் வந்த 'ஃபோர்ஸா ஹொரைசன் 5' மெக்சிகோவை வைத்துச் செய்த திறந்தவெளி விளையாட்டு. தார்ச்சாலை, மண், மணல், சேறு எல்லாம் பக்கத்துப் பக்கத்திலேயே கிடக்கும். பிடிப்பவரிடம் மற்றவர்கள் "கல்லா, மண்ணா?" என்று கேட்க வேண்டும். அவர் மண் என்றால், மண்ணில் இருப்பவர்களையெல்லாம் தொடலாம். கல்லில், அதாவது தாரில், இருப்பவர்கள் தப்பித்தார்கள். கல் என்றால் நேர்மாறு. யாரும் பத்து எண்ணுவதற்கு மேல் பத்திரமான தரையில் நிற்கக்கூடாது. எதிர்த்தரைக்குப் போய்த்தான் திரும்ப வேண்டும். இதன் ருசியே வண்டித் தேர்வில்தான் இருக்கிறது. தாரில் அம்பாகப் போகும் கார் சேற்றில் இறங்கினால் நின்ற இடத்திலேயே பின்சக்கரம் சுற்றும். சேற்றில் துள்ளிப் போகும் ஜீப், தாரில் எவரையும் எட்டிப் பிடிக்காது. பிடிப்பவர் வண்டியைத் தேர்ந்தெடுத்த பிறகுதான் கல்லா மண்ணா என்று சொல்ல வேண்டும் என்பதால், அவர் எதை எடுக்கிறார் என்று பார்த்தே மற்றவர்கள் கணக்குப் போட்டுவிடுவார்கள். சேற்று வண்டியை எடுத்துவிட்டு "கல்" என்று சொல்லி எல்லோரையும் ஏமாற்றிய ஒருவர் இருக்கிறார். அவருக்கு நன்றி கிடையாது.

எண்ணூர் விரைவுச்சாலையில் துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் வால் பிடித்து நிற்பதைப் பார்க்காமல் எங்களில் யாரும் வளரவில்லை. அந்த வரிசையையே சவாலாக்கலாம் என்று தோன்றியதும், டிரெய்லர் ஓட்டி ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவரிடம் போய் நின்றோம். 'யூரோ டிரக் சிமுலேட்டர் 2' என்ற செக் நாட்டு விளையாட்டு 2012இல் வந்தது. 2021இல்தான் அதில் 8 பேர் வரை சேர்ந்து ஓட்டும் வசதியை அதைச் செய்த நிறுவனமே கொடுத்தது. எட்டு லாரி, ஒரே வரிசை, யாரும் யாரையும் தொடக்கூடாது என்று விதி எழுதி வைத்திருந்தோம். பெரியவர் அதைப் படித்துவிட்டு, "இது சவாலே இல்லை, எல்லோரும் அரை மைல் இடைவெளி விட்டு வந்துவிடுவார்கள்" என்றார். அது உண்மைதான். நிற்கும்போது முன்வண்டியின் பின்சக்கரம் தரையைத் தொடும் இடம் கண்ணுக்குத் தெரிய வேண்டும், அதற்கு மேல் நெருங்கவும் கூடாது, ஒரு வண்டி நுழையும் அளவுக்கு இடம் விடவும் கூடாது என்று திருத்தி எழுதச் சொன்னார்.

பிறகு ரிவர்ஸ். டிரெய்லரைப் பின்னால் தள்ளுவதில் எங்களுடைய எட்டுப் பேரும் எட்டுத் திசையில் மடிந்து கிடந்தோம். பெரியவர் உள்ளே போய் ஒரு எவர்சில்வர் தட்டை எடுத்துவந்தார். தட்டின் அடிவிளிம்பைப் பிடித்துக்கொண்டு, "கையை இங்கே வை. மேலே வைக்காதே. வால் எந்தப் பக்கம் போக வேண்டுமோ அந்தப் பக்கம் கையைத் தள்ளு" என்றார். ஸ்டியரிங்கின் மேல்பகுதியைப் பிடித்தால் எல்லாம் தலைகீழாகத் தெரியும். வால் வலப்பக்கம் போக, வட்டை இடப்பக்கம் ஒடிக்க வேண்டும். அடிப்பகுதியைப் பிடித்தால் கை போகும் பக்கம் வால் போகும். வால் திரும்பத் தொடங்கியதும் உடனே திருப்பி ஒடித்து அதன் பின்னாலேயே தலையும் போக வேண்டும், தாமதித்தால் லாரி கத்தி மடிவதுபோல் மடிந்துவிடும். கையில் பழைய சோற்றுப் பருக்கை ஒட்டிய தட்டோடு அவர் நாற்காலியில் உட்கார்ந்து, பின்னால் திரும்பிப் பார்த்துப் பார்த்துத் தட்டைத் திருப்பியது இன்னும் கண்ணில் நிற்கிறது. எட்டு லாரியும் ஒன்றன்பின் ஒன்றாக ரிவர்ஸில் கிடங்குக்குள் போய் நிற்கும்வரை கடிகாரம் ஓடும். கடைசி லாரி நின்றால்தான் நேரம் நிற்கும். முதலில் நிறுத்தியவர்கள் எழுந்து வந்து எட்டாவது ஆளின் நாற்காலிக்குப் பின்னால் நின்று கத்துவார்கள். ஐயா, இந்தச் சுற்றிலேயே அதிகமாகச் சத்தம் எழுந்த ஆட்டம் உங்களுடையது.

கொருக்குப்பேட்டை ரயில்வே கேட்டில் காத்திருந்தே பாதி ஆயுள் போய்விட்டது என்று சொல்லும் அக்கா ஒருவர் எங்களுக்கு 'கேட்' என்ற விதியைக் கொடுத்தார். விளையாடாத ஒருவர் கேட் கீப்பர். அவர் நினைத்தபோது "கேட் போட்டாயிற்று" என்று கத்துவார். முதலில் இருப்பவர் மட்டும் இருக்கும் இடத்திலேயே நிற்க வேண்டும். பின்னால் வருபவர்கள் அவரை ஒட்டி வந்து நிற்கலாம். கேட் திறந்ததும் பந்தயம் மறுபடி பக்கத்துப் பக்கத்தில் தொடங்கும். நிஜக் கார் பந்தயங்களில் விபத்து நடந்தால் பாதுகாப்புக் காரை விட்டு எல்லோரையும் ஒன்றாகச் சேர்ப்பார்களே, ஏறக்குறைய அதுவேதான். அக்காவுக்கு அதைப் பற்றித் தெரியாது, சரக்கு ரயிலைப் பற்றித்தான் தெரியும். அவருடைய மகளைக் கேட் கீப்பராகப் போட்டோம். மூன்றாம் வகுப்பு படிக்கிறாள். முறுக்கு கொடுத்தவர் பின்தங்கினால் உடனே கேட் விழுந்தது என்பது குற்றச்சாட்டு. விசாரித்ததில் முறுக்கை ஒப்புக்கொண்டாள், கேட்டை ஒப்புக்கொள்ளவில்லை.

மதிப்பெண் முறைக்காகக் கேரம் கிளப் அண்ணன்களுக்கு நன்றி. 2024இல் அமெரிக்காவில் நடந்த கேரம் உலகக்கோப்பையில் மூன்று தங்கம் வென்ற காசிமா புது வண்ணாரப்பேட்டைக்காரர். இங்கே கேரம் என்பது பொழுதுபோக்கு அல்ல, படிப்பு. ரெட் என்ற சிவப்புக் காயைப் போட்டால் மட்டும் போதாது, அடுத்து ஃபாலோவாக இன்னொரு காயையும் போட்டால்தான் அது உன்னுடையது என்ற விதியை அப்படியே தூக்கிக்கொண்டோம். ஒரு சவாலில் கூடுதல் புள்ளி எடுத்தவர், அடுத்த சவாலையும் முடித்துக் காட்டினால்தான் அந்தப் புள்ளி கணக்கில் ஏறும். இல்லையென்றால் திரும்பப் பலகைக்குப் போய்விடும். ஒருமுறை அடித்த அதிர்ஷ்டத்தை வைத்துக்கொண்டு ஜம்பமாக உட்கார்ந்திருப்பவர்கள் இதனால் ஒழிந்தார்கள். எதையும் ஒழுங்காக முடிக்கும், ஆனால் எதிலும் முதலில் வராத ஆட்கள் மேலே வந்தார்கள். புள்ளிக் கணக்கை எப்படி அமைத்தால் யார் ஜெயிப்பார்கள் என்பது கிளப்பில் உட்கார்ந்திருக்கும் பெரியவர்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரிகிறது.

இணைய இணைப்பைச் சரிசெய்த தம்பிக்குத் தனியாகச் சொல்ல வேண்டும். துபாயிலிருந்து ஒருவர், சிங்கப்பூரிலிருந்து ஒருவர் என்று எங்களோடு சேர்ந்துகொள்ளும் நண்பர்கள் உண்டு. அவர்களை இடித்தால் "நான் அங்கே இல்லவே இல்லை" என்பார்கள்; சண்டை வரும். தம்பி ஒரு தாளில் எழுதிக் காட்டினான். மணிக்கு 180 கிலோமீட்டர் வேகம் என்றால் நொடிக்கு 50 மீட்டர். செய்தி வந்து சேர நொடியில் பத்தில் ஒரு பங்கு தாமதமானாலும் வண்டி 5 மீட்டர் தள்ளிப் போயிருக்கும். அது ஒரு காரின் நீளத்துக்கும் மேல். ஆகவே இருவர் சொல்வதும் உண்மை. வீட்டுக்குள் வைஃபையை விட்டுவிட்டு எல்லாவற்றுக்கும் கேபிள் இழுத்தான். வெளியூர் நண்பர்கள் சேரும் ஆட்டங்களில் மோதலை நிறுத்திவைத்துவிட்டு, ஒன்றாகக் கூடும் சவால்களை மட்டும் வைக்கச் சொன்னான். எத்தனையோ நட்புகள் அந்தத் தாளால் பிழைத்தன.

இன்னும் சிலர். ஒரு கூடம் இடம் தருகிறேன் என்று சொல்லிக் கடைசி நேரத்தில் கைவிரித்தது. அதன் பெயர் இங்கே வேண்டாம். அன்று மாலையே தன் அச்சக மாடியைத் திறந்துவிட்ட முதலாளிக்கு, அச்சு மையின் வாசனையோடு சேர்த்து நன்றி. மின்சாரம் போனபோது இன்வெர்ட்டரைத் தோளில் சுமந்து வந்தவர்களுக்கும், அத்தோ நூடுல்ஸும் மொய்ங்காவும் கடனுக்குக் கொடுத்த பர்மாக்கார அக்காவுக்கும் நன்றி, கடன் அடைக்கப்பட்டுவிட்டது. ஒன்பது மணிக்குள் முடித்துவிடுகிறோம் என்ற எங்கள் வாக்கை நம்பிப் பெண்பிள்ளைகளை அனுப்பிய பெற்றோர்களே, அடுத்த சுற்றிலும் ஒன்பது மணிதான்.

அடுத்த சுற்று பொங்கலுக்குப் பிறகு. கணேசபுரம் சுரங்கப்பாதையில் மழைத்தண்ணீர் நிற்பதை வைத்து ஒரு சவால் வேண்டும் என்று வியாசர்பாடி நண்பர்கள் கேட்டிருக்கிறார்கள். தண்ணீருக்குள் எஞ்சின் அணையாமல் போவது எப்படி என்று தெரிந்த ஆட்டோ அண்ணன் யாராவது வந்து சொல்லிக் கொடுத்தால் விதியை நாங்கள் எழுதிக்கொள்கிறோம். அச்சக மாடியில் ஒரு மேசை விசிறியும், ஒரு டிஃபன் கேரியரின் நடுத்தட்டும், ஒரு பச்சைத் துண்டும் உரியவர் இல்லாமல் கிடக்கின்றன. எவர்சில்வர் தட்டு மட்டும் பெரியவர் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. மற்றவற்றை ஞாயிற்றுக்கிழமைக்குள் வந்து எடுத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
ஞாயிறு மாலைக் கூட்டத்தின் சார்பில், புள்ளிக் கணக்கு எழுதுபவன்