பதில் சொல்ல எங்களுக்குக் கற்றுத் தாருங்கள்: ஆயர்களுக்கும் பங்குத்தந்தையருக்கும் ஒரு திறந்த மடல்

மரியாதைக்குரிய ஆயர் பெருமக்களுக்கும் பங்குத்தந்தையருக்கும்,

இயேசுவுக்குப் புகழ்! மரியாயே வாழ்க!

ஒரு துக்க வீட்டில் நடந்ததைச் சொல்லி, அதன் பேரில் உங்களிடம் ஒரு கோரிக்கை வைக்கத்தான் இதை எழுதுகிறேன். நம் மக்களின் விசுவாச அறிவு எந்த நிலையில் இருக்கிறது என்பது உங்களுக்குத் தெரியாததல்ல. அதனால் நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

அடக்கத்துக்கு முந்தின இரவு. பங்குத்தந்தை வந்து செபித்துவிட்டுப் போயிருந்தார். இறந்தவருடைய மனைவியின் தங்கை கத்தோலிக்கர் அல்ல, வேறொரு கிறிஸ்தவ சபையைச் சேர்ந்தவர். நாங்கள் செபமாலை சொல்லி முடிக்கும் வரை ஓரமாக அமைதியாக உட்கார்ந்திருந்தார். முடிந்ததும் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டார்: “அத்தான் ஆண்டவரிடம் போய்விட்டார் என்று உங்களுக்கு நம்பிக்கை இல்லையா அக்கா? அப்புறம் ஏன் அவருக்காக இவ்வளவு மன்றாடுகிறீர்கள்? இயேசுவின் இரத்தம் போதாதா?” அழுதுகொண்டேதான் கேட்டார். அந்தக் குரலில் குத்தல் எதுவும் இல்லை.

அங்கே இருந்தவர்கள் எல்லோரும் ஞாயிறு தவறாமல் திருப்பலிக்குப் போகிறவர்கள். பீடத்தில் வாசகம் வாசிப்பவர்கள் இருந்தார்கள், ஒரு காலத்தில் பிள்ளைகளுக்கு மறைக்கல்வி நடத்தியவர்கள்கூட இருந்தார்கள். ஒருவருக்கும் வாய் திறக்கவில்லை. கடைசியில் பேசியது இளையோர் குழுவைச் சேர்ந்த ஒரு தம்பி. “உங்கள் சபையை யார் தொடங்கினார், எந்த வருஷம் தொடங்கினார் என்று சொல்லுங்கள் பார்ப்போம். பைபிளை உங்களுக்குக் கொடுத்ததே நாங்கள்தான். அதிலிருந்து ஏழு புத்தகங்களைக் கிழித்துப் போட்டவர்கள் நீங்கள்” என்று ஆரம்பித்தார். நிறுத்தவில்லை. அலைபேசியில் ஒரு வீடியோவையும் போட்டுக் காட்டினார். ஐஸ் பெட்டிக்கு இந்தப் பக்கம் அவர், அந்தப் பக்கம் அந்த அம்மா.

அந்த அம்மா ஒன்றும் பேசவில்லை. எழுந்தார், அக்காவின் தலையைத் தடவினார், வெளியே போய்விட்டார். மறுநாள் கல்லறைத் தோட்டத்துக்கு வந்தவர் வாசலைத் தாண்டவே இல்லை. கணவரைக் குழிக்குள் இறக்கும்போது தோளைப் பிடித்துக்கொள்ள வேண்டிய ஒரே தங்கை, நூறடி தள்ளி வெயிலில் நின்றுகொண்டிருந்தார். அக்கா திரும்பித் திரும்பி வாசலையே பார்த்துக்கொண்டிருந்ததை நான் பார்த்தேன். அதற்குப் பிறகு அந்த இரண்டு பேருக்கும் பேச்சுவார்த்தை இல்லை. “உங்கள் கோயில்காரர்கள் என் தங்கையைத் துரத்திவிட்டார்கள்” என்று அந்தக் கைம்பெண் என்னிடம் சொன்னார். அவரும் அதே கோயிலைச் சேர்ந்தவர்தான். ஆனாலும் ‘உங்கள் கோயில்’ என்றுதான் சொன்னார்.

தந்தையரே, அந்தத் தம்பியைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அந்த வீட்டில் திருச்சபைக்காகப் பேச முன்வந்தது அவர் ஒருவர்தான். அவருக்கு ஆர்வம் இருக்கிறது, நேரம் ஒதுக்கித் தேடுகிறார். தேடும்போது கையில் கிடைப்பது எதிராளியை மூன்று நிமிடத்தில் மடக்கும் வீடியோக்கள். நீங்கள் சொல்லித் தராததை அவர் அங்கே கற்றுக்கொண்டார். ஆகவே என் கோரிக்கை இதுதான்: கேட்பவருக்கு அன்போடு பதில் சொல்ல, வளர்ந்தவர்களாகிய எங்களுக்குக் கற்றுத் தாருங்கள்.

இது நான் சலுகையாகக் கேட்பதல்ல. 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத்தொகுப்பின் 229-ஆம் சட்டம், கிறிஸ்தவப் போதனையின்படி வாழவும், அதை அறிவிக்கவும், தேவைப்பட்டால் அதற்காக வாதாடவும் பொதுநிலையினருக்கு, அதாவது குருக்களோ துறவியரோ அல்லாத எங்களைப் போன்றவர்களுக்கு, அந்தப் போதனையைக் கற்கும் கடமையும் உரிமையும் உண்டு என்கிறது. 776-ஆம் சட்டம், வளர்ந்தோர், இளைஞர், சிறுவர் ஆகியோரின் மறைக்கல்வியைக் கவனிப்பது பங்குத்தந்தையின் கடமை என்கிறது. வளர்ந்தோரைத்தான் அது முதலில் சொல்கிறது. திருத்தந்தை இரண்டாம் ஜான் பால் 1979-இல் மறைக்கல்வி பற்றி எழுதிய திருத்தூது ஊக்கவுரையில், வளர்ந்தோருக்கான மறைக்கல்வியே அதன் தலையாய வடிவம் என்றார். நடப்பது என்ன? உறுதிப்பூசுதல் என்ற அருளடையாளத்தை வாங்கிய அன்றோடு பாடம் முடிந்துவிடுகிறது. பதினைந்து வயதில் மனப்பாடம் செய்த பதில்களை வைத்துக்கொண்டு ஐம்பது வயதின் கேள்விகளைச் சந்திக்கிறோம்.

அந்த அம்மாவின் கேள்விக்கு என்ன பதில் சொல்லியிருக்கலாம் என்று பிறகு தேடிப் படித்தேன். முதலில் சொல்லியிருக்க வேண்டியது, “நீங்கள் சொல்வது சரிதான்” என்பது. இயேசுவின் பலி போதும். அதற்கு மேல் யாரும் எதையும் சேர்க்க முடியாது என்பதுதான் கத்தோலிக்கப் போதனையும். இறந்தவர்களுக்காக நாம் மன்றாடுவதற்குக் காரணமான உத்தரிக்கும் நிலை என்பது இறந்த பிறகு நடக்கும் தூய்மையாக்கம், இரண்டாவது வாய்ப்பு அல்ல. கத்தோலிக்கப் போதனையைத் தொகுத்துத் தரும் மறைக்கல்வி நூலின் 1030-ஆம் பத்தியைப் படித்தால் தெரியும்: கடவுளின் அருளில் இறந்தும் இன்னும் முழுமையாகத் தூய்மை அடையாதவர்களைப் பற்றித்தான் அது பேசுகிறது. அவர்களுடைய மீட்பு ஏற்கெனவே உறுதியாகிவிட்டது. அவர்களைத் தூய்மைப்படுத்துவதும் அதே கிறிஸ்துவின் அருள்தான். அப்படியானால் நாம் ஏன் செபிக்கிறோம்? அத்தான் உயிரோடு இருந்தபோது அவருடைய அறுவை சிகிச்சைக்காக அந்தத் தங்கையும் தன் சபையில் மன்றாடியிருக்கிறார். இயேசு போதாது என்று நினைத்தா மன்றாடினார்? கிறிஸ்துவின் உடலில் நாம் எல்லோரும் உறுப்புகள், சாவு அந்த உறவை அறுப்பதில்லை, அதனால் அந்த மன்றாட்டு நிற்பதும் இல்லை. இவ்வளவுதான். அந்தக் கைகளை விடாமலே, மெதுவான குரலில் இதைச் சொல்லியிருக்கலாம். அவர் ஒத்துக்கொண்டிருக்க வேண்டும் என்பதில்லை. வாசலில் நின்றிருக்க மாட்டார்.

அந்தத் தம்பி சொன்ன ஏழு புத்தகங்களின் விஷயத்தையும் சொல்ல வேண்டும். அவை நம் பழைய ஏற்பாட்டில் இருக்கின்றன, சீர்திருத்த சபைகளின் பழைய ஏற்பாட்டில் இல்லை. இறந்தவர்களின் பாவம் நீங்கும்படி யூதா மக்கபே பணம் திரட்டிப் பலி ஒப்புக்கொடுக்க எருசலேமுக்கு அனுப்பியது மக்கபேயர் இரண்டாம் நூல் 12-ஆம் அதிகாரத்தில் இருக்கிறது. அந்த ஏழில் ஒன்றான இந்த நூல் அந்த அம்மாவின் விவிலியத்தில் இல்லை. கிழித்துப் போட்டார்கள் என்று சொல்லிவிட்டால் கைதட்டல் கிடைக்கும், ஆனால் அது நேர்மையான வரலாறு அல்ல. இந்த நூல்களின் நிலை குறித்துப் விவிலியத்தை லத்தீனில் மொழிபெயர்த்த புனித ஜெரோமுக்கே தயக்கம் இருந்தது. 397-இல் கார்த்தேஜ் சங்கம் அவற்றைத் தன் பட்டியலில் சேர்த்தது. 1534-இல் சீர்திருத்தத் தலைவர் லூத்தர் வெளியிட்ட ஜெர்மன் விவிலியத்தில்கூட அவை தனிப் பகுதியாக இடம்பெற்றன. 1546-இல் திரிதெந்துப் பொதுச்சங்கம் நமக்கு அதை முடித்துவைத்தது. நம் தரப்பு வலுவாகவே இருக்கிறது. அதை நிலைநாட்ட அடுத்தவரைத் திருடராக்கத் தேவையே இல்லை. இதையெல்லாம் எங்களுக்கு யார் சொன்னார்கள்?

விசுவாசத்துக்காக வாதாடுகிறோம் என்கிறவர்கள் அடிக்கடி எடுத்துக்காட்டும் வசனம் பேதுருவின் முதல் திருமுகம் 3:15. எதிர்நோக்கைப் பற்றி விளக்கம் கேட்போருக்கு விடை அளிக்க எப்போதும் ஆயத்தமாய் இருங்கள் என்கிற வரியோடு நிறுத்திக்கொள்கிறார்கள். பணிவோடும் மரியாதையோடும் விடை அளியுங்கள் என்று அடுத்த வரியிலேயே பேதுரு சொல்வது காதில் விழுவதில்லை. இந்த இரண்டும் ஒரே கட்டளை. பிரிந்த சபைகளில் பிறந்து அங்கேயே விசுவாசத்தில் வளர்ந்தவர்கள் மேல் பிரிவினையின் பாவத்தைச் சுமத்தக் கூடாது, அவர்களைச் சகோதரர்களாக மதிக்க வேண்டும் என்று இரண்டாம் வத்திக்கான் பொதுச்சங்கம் 1964-இலேயே கிறிஸ்தவ ஒன்றிப்பு பற்றிய ஆணையில் சொல்லிவிட்டது. அந்தப் பிரிவுகளுக்கு இரு தரப்பாரும் காரணமாக இருந்ததுண்டு என்றும் அது ஒப்புக்கொள்கிறது. எங்கள் இளைஞர்களில் எத்தனை பேர் அந்த ஆணையின் பெயரையாவது கேட்டிருக்கிறார்கள்?

அதே ஆணை இன்னொன்றும் சொல்கிறது. சமாதானம் என்ற பெயரில் போதனையை நீர்த்துப்போகச் செய்வது ஒன்றிப்புக்கே எதிரானது என்கிறது. அன்போடு பேசுங்கள் என்றால் எல்லாம் ஒன்றுதான் என்று மழுப்பச் சொல்கிறேன் என்று தயவுசெய்து எடுத்துக்கொள்ள வேண்டாம். நற்கருணையில் இயேசு உண்மையாகவே இருக்கிறார் என்பதை நான் யாருக்காகவும் மெல்ல விழுங்க மாட்டேன். மரியாவை நாங்கள் வணங்குகிறோமா என்று கேட்டால், ஆராதனை கடவுள் ஒருவருக்கே, மரியாவிடம் நாங்கள் கேட்பது பரிந்துரை என்று தெளிவாகச் சொல்லத்தான் வேண்டும். சொல்லும் குரல்தான் என் கவலை.

முடியாத காரியத்தை நான் கேட்கவில்லை. 155-ஆம் ஆண்டு வாக்கில், கிறிஸ்தவர்களைக் கொன்றுகொண்டிருந்த அரசின் தலைவனாகிய அந்தோனினுஸ் பியுஸ் என்ற உரோமை மன்னனுக்குப் புனித ஜஸ்டின் விளக்கம் எழுதினார். ஞாயிறு வழிபாட்டில் என்ன நடக்கிறது, அப்பமும் இரசமும் எங்களுக்கு என்ன என்று ஒளிவுமறைவில்லாமல் எடுத்துச் சொன்னார். திரிபோ என்ற யூதரோடு அவர் நடத்திய நீண்ட உரையாடலின் முடிவில் திரிபோ கிறிஸ்தவராகவில்லை. இருவரும் நண்பர்களாக, ஒருவருக்கொருவர் நன்மை வேண்டிப் பிரிகிறார்கள். புனித பிரான்சிஸ் சலேசியார் 1594-இல் கால்வினின் சீர்திருத்த சபையினர் நிறைந்த, ஜெனீவாவை அடுத்த ஷாப்லே பகுதிக்குப் போனபோது அவருடைய மறையுரையைக் கேட்க ஆளில்லை. துண்டுத்தாள்களில் விளக்கம் எழுதிக் கதவிடுக்குகளில் செருகினார். கொலை முயற்சிகளிலிருந்து தப்பினார். சில ஆண்டுகளில் அந்தப் பகுதியின் பெரும்பகுதி திருச்சபைக்குத் திரும்பியது. அதே மனிதர் 1597-இல் ஜெனீவாவுக்குப் போய், கால்வினுக்குப் பின் அந்தச் சபையை நடத்திய முதியவர் பேசாவைச் சந்தித்துப் பேசினார். பேசா மனம் மாறவில்லை. அதற்காக சலேசியார் அவரைத் தூற்றவில்லை. அவருடைய விழாவை ஆண்டுதோறும் சனவரி 24-இல் கொண்டாடுகிறோம். அவர் பேசிய முறையை மட்டும் ஏன் எங்களுக்குக் கற்றுத் தருவதில்லை?

கோயில் கட்டட நிதிக்குக் குழு இருக்கிறது. திருவிழாவுக்கு, ஒலிபெருக்கிக்கு, அலங்காரத்துக்குக் குழு இருக்கிறது. திருப்பலி முடிவில் அறிவிப்புகள் சில நேரம் மறையுரையின் நீளத்தைத் தொட்டுவிடுகின்றன. விசுவாசத்தைப் பற்றிய கேள்வியோடு வருகிறவருக்கு உட்கார இடம் இல்லை. “அதெல்லாம் மறைபொருள், கேள்வி கேட்காமல் விசுவசியுங்கள்” என்று சொல்லித் திருப்பி அனுப்பப்பட்டவர்களை எனக்குத் தெரியும். அவர்களில் சிலர் கேள்விக்குப் பொறுமையாகப் பதில் கிடைத்த இடத்துக்கே போய்விட்டார்கள். பிறகு அந்தச் சபையினரைப் பற்றி “ஆடு திருடிவிட்டார்கள்” என்று பேசுகிறோம். மனதில் வெகுநாளாகக் கிடந்தது, சொல்லிவிட்டேன். கடுமையாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு கேள்வி இருக்கிறது. அதற்கு எத்தனை வகுப்பு நடத்தினாலும் எங்களால் பதில் சொல்ல முடியாது. குருக்கள் சிலர் சிறுவர்களுக்கு இழைத்த கொடுமையைப் பற்றியும், அதை மூடி மறைத்தவர்களைப் பற்றியும் கேட்கிறார்கள். வேலையிடத்தில் கேட்கிறார்கள், எங்கள் சொந்தப் பிள்ளைகளே கேட்கிறார்கள். இங்கே திருச்சபைக்காக வாதாடுவது என்றால் மறுப்பதோ, மற்ற இடங்களில் நடக்கவில்லையா என்று திருப்பிக் கேட்பதோ அல்ல. நடந்தது, பாவம், குற்றம் என்று சொல்வதுதான். திருச்சபையின் பிள்ளைகள் செய்த பாவங்களுக்காக 2000-ஆம் ஆண்டு மார்ச் 12 அன்று புனித பேதுரு பெருங்கோயிலில் இரண்டாம் ஜான் பால் மன்னிப்பு வேண்டினார். அதனால் திருச்சபை சிறுத்துப்போகவில்லை. நாங்கள் எங்கள் அளவில் உண்மையைச் சொல்லிவிடுவோம். ஆனால் இந்தக் கேள்விக்கான முழுப் பதில் உங்கள் செயலில்தான் இருக்கிறது, எங்கள் பேச்சில் இல்லை. பாதிக்கப்பட்டவரை முதலில் கேளுங்கள். சட்டத்துக்கு முன் எதையும் மறைக்காதீர்கள்.

சரி, கோரிக்கைக்கு வருகிறேன். மாதம் ஒரு மணி நேரம் போதும். பங்குத்தந்தையோ, முறையாகப் படித்த ஒரு பொதுநிலையினரோ உட்கார்ந்து வளர்ந்தவர்களின் கேள்விகளைக் கேட்கட்டும். 2021-இல் திருத்தந்தை பிரான்சிஸ் மறைக்கல்வியாளர் பணியை முறையான திருப்பணியாகவே ஏற்படுத்தியிருக்கிறார், ஆகவே ஆளில்லை என்று சொல்ல வேண்டியதில்லை, உருவாக்கலாம். மறைக்கல்வி நூலைத் திறந்து வைத்துப் படிப்போம். மற்றவர் சொல்வதைக் கண்டிக்கும் முன் அதற்கு நல்ல பொருள் காண முயல வேண்டும் என்று புனித இஞ்ஞாசியார் தம் ஆன்மிகப் பயிற்சிகளின் தொடக்கத்திலேயே வைத்த விதியை முதல் பாடமாக வையுங்கள். முடிந்தால் பிற சபையினரையும் அழைத்து அவர்கள் வாயாலேயே அவர்கள் விசுவாசத்தைக் கேட்க வையுங்கள். திருச்சபையின் பெயரில் அடுத்தவரை ஏளனம் செய்யும் வீடியோக்கள் பங்கின் குழுக்களில் பகிரப்படும்போது, இது எங்கள் குரல் அல்ல என்று ஒரு வார்த்தை எழுதுங்கள். அந்தத் தம்பியைப் போன்றவர்களை ஒதுக்கிவிடாதீர்கள். முதல் வரிசையில் உட்கார வைத்துக் கற்றுக்கொடுங்கள்.

வரும் தவக்காலத்திலாவது இதைத் தொடங்க வேண்டும் என்று பணிவோடு மீண்டும் கேட்கிறேன். கேட்பவருக்கு அன்போடு பதில் சொல்ல எங்களுக்குக் கற்றுத் தாருங்கள். முடியாது என்றால் ஏன் முடியாது என்பதையாவது மறையுரையிலோ சுற்றுமடலிலோ சொல்லுங்கள். முடியுமென்றால், அந்தத் துக்க வீட்டு அக்காவை நீங்களே ஒருமுறை நேரில் போய்ப் பாருங்கள். அவருடைய தங்கையையும் அழைத்துப் பேச வேண்டியிருக்கிறது. அந்தப் பேச்சில் உங்களோடு வந்து உட்கார நான் தயாராக இருக்கிறேன்.

தங்கள் செபத்தையும் பதிலையும் எதிர்பார்க்கும்,
பங்கு மக்களில் ஒருத்தி