எஞ்சிய பாடல்கள், எஞ்சியவையாகவே அச்சாகட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் சென்ற இதழில் ஐம்பெருங்காப்பியங்களைப் பற்றி வெளிவந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். மணிமேகலையைப் பற்றிய பகுதி மிகச் சிறப்பு. ஆனால் வளையாபதிக்கு வந்தபோது, நவகோடி நாராயணன் என்னும் வணிகனின் கதையை அக்காப்பியத்தின் கதை என்றே கட்டுரையாளர் உறுதியாக எழுதிச் செல்கிறார். அக்கதை பிற்காலத்து வைசிய புராணத்தில் வருவது. வளையாபதியில் நமக்கு எஞ்சியிருப்பவை 72 பாடல்களே. அவற்றைக் கொண்டு அக்கதையை நிறுவ இயலாது. கட்டுரையில் இதைப் பற்றி ஒரு சொல்கூட இல்லாதது எனக்கு வருத்தத்தை அளித்தது.

அந்த 72 பாடல்களில் 66 பாடல்கள் புறத்திரட்டு என்னும் தொகைநூல் வழியாக வந்தவை. அதனைத் தொகுத்தவர் பெயர்கூட நமக்குத் தெரியாது. அவர் பழைய நூல்கள் பலவற்றிலிருந்து, அறம், பொருள் சார்ந்த தலைப்புகளுக்குப் பொருந்தும் செய்யுட்களைத் தேர்ந்தெடுத்துக் கோத்தார். ஆகவே கொல்லாமை, நிலையாமை, துறவு போன்றவற்றைப் பேசும் பாடல்கள் தப்பிப் பிழைத்தன. தலைவியைப் பற்றியோ கடலைப் பற்றியோ கதை நிகழ்ச்சியைப் பற்றியோ அக்காப்பியம் பாடியிருக்கக்கூடியவை அவருக்குத் தேவைப்படவில்லை. இன்று வளையாபதியை ஓர் அறநூல் போலப் பாடப்புத்தகங்கள் அறிமுகம் செய்வதைப் பார்க்கும்போதெல்லாம், நாம் காண்பது அக்காப்பியத்தின் முகமா, தொகுத்தவரின் விருப்பமா என்று கேட்கத் தோன்றுகிறது. ஒட்டக்கூத்தர் பாடிய தக்கயாகப் பரணியின் பழைய உரையாசிரியர், அப்புலவர் கவியழகு வேண்டி வளையாபதியை நினைத்தார் என்று குறித்திருக்கிறார். ஒட்டக்கூத்தரைப் போன்ற ஒரு புலவர் அழகுக்காக நாடிய நூலைத்தான் நாம் அறவுரைத் திரட்டாக அறிந்திருக்கிறோம். இந்த இடைவெளியை வாசகருக்குச் சொல்லாமல், அதன் மேல் வேறொரு நூலின் கதையைப் போர்த்திவிடுவது நியாயமாகாது.

சங்க நூலான பரிபாடலின் நிலை இன்னும் நெஞ்சை உறுத்துவது. திருமாலுக்கு எட்டு, செவ்வேளாகிய முருகனுக்கு முப்பத்தொன்று, வையைக்கு இருபத்தாறு, மதுரைக்கு நான்கு என்று அந்நூலின் எழுபது பாடல்களையும் ஒரு பழைய வெண்பா எண்ணிச் சொல்கிறது. மிஞ்சும் ஒரே ஒரு பாடல் காடுகாளுக்கு, அதாவது கொற்றவைக்கு, உரியது என்று அதில் ஒரு பாடம் இருக்கிறது. வேறு பாடமும் உண்டு. அதாவது, தொலைந்துபோன அந்தப் பாடல் யாரைப் பாடியது என்பதே ஒரு சொல்லை எப்படிப் படிக்கிறோம் என்பதைப் பொறுத்திருக்கிறது. முழுமையாகக் கிடைத்தவை 22. மதுரையைப் பற்றிய நான்கில் ஒன்றுகூட முழுப் பாடலாக ஏட்டில் வரவில்லை.

ஆனால் மதுரையைப் பற்றி யார் பேசினாலும் எடுத்தாளும் வரிகள் எவை? 'மாயோன் கொப்பூழ் மலர்ந்த தாமரைப் பூவொடு புரையும் சீரூர்' என்று தொடங்கி, ஊரைத் தாமரைப் பூவாகவும், தெருக்களை இதழ்களாகவும், அரசன் கோயிலை நடுப்பொகுட்டாகவும், தமிழ்க்குடிகளைப் பூந்தாதாகவும் காட்டும் அந்த அடிகள்தாம். அவையும் புறத்திரட்டு காப்பாற்றித் தந்த துண்டே. பரிபாடலில் முழுமையாகக் கிடைத்த பாடல்கள் பெரும்பாலானவற்றின் அடியில் பாடியவர் பெயரும், இசை வகுத்தவர் பெயரும், பண்ணின் பெயரும் இருக்கின்றன. இந்தத் துண்டுக்கு அவற்றுள் எதுவும் இல்லை. இதனை இயற்றியவர் யார், எந்தப் பண்ணில் மதுரை மக்கள் இதைக் கேட்டார்கள் என்பவை போய்விட்டன. உவமை மட்டும் நின்றது. விழா மேடைகளிலும் அழைப்பிதழ்களிலும் இவ்வரிகள் 'பரிபாடல்' என்ற ஒரே சொல்லோடு நின்றுவிடுகின்றன. அதைப் படிக்கும் மாணவன், முழுப் பாடலும் நம் கையில் இருப்பதாகத்தானே நினைப்பான்?

நம் முன்னோடிப் பதிப்பாசிரியர்கள் இதில் காட்டிய நேர்மையை நாம் மறந்துவிடக் கூடாது. 1894-இல் உ.வே.சாமிநாதையர் புறநானூற்றைப் பதிப்பித்தபோது, ஏடுகள் சிதைந்திருந்த இடங்களில் தாமே சொல் புனைந்து இட்டு நிரப்பவில்லை. 267, 268 ஆகிய பாடல்கள் கிடைக்கவில்லை. ஆனால் அந்த எண்கள் இன்றும் அப்படியே நிற்கின்றன, 266-க்கு அடுத்து 269 வருகிறது. நான் பள்ளியில் தமிழ் கற்பித்த காலத்தில், மாணவர்களை அந்தப் பக்கத்தில் சற்று நிறுத்தி, இங்கே இரண்டு பாடல்கள் இருந்தன என்று சொல்லிவிட்டுத்தான் மேலே செல்வேன். முந்நூறாம் எண்ணுக்குப் பின்வரும் பாடல்கள் பலவற்றில் அடிகளுக்கு நடுவே புள்ளிகள் வரும். அண்மையில் நான் வாங்கிய ஒரு மலிவுப் பதிப்பில் அந்தப் புள்ளிகளை எல்லாம் நீக்கி, அடிகளை ஒட்டி அச்சிட்டிருந்தார்கள். சிதைந்த பாடல் பார்வைக்கு முழுப் பாடலாகிவிட்டது, பொருள்தான் விளங்கவில்லை. அதைப் படிப்பவர், குறை தம்முடைய தமிழறிவில் இருப்பதாக எண்ணிப் புத்தகத்தை மூடிவிடுவார்.

தங்கள் இதழைக் கல்லூரி மாணவர்கள் பலர் மேற்கோளுக்குப் பயன்படுத்துகிறார்கள் என்பதால் இதை எழுதுகிறேன். குண்டலகேசி, முத்தொள்ளாயிரம், தகடூர் யாத்திரை என எந்த நூலின் எஞ்சிய பாடலை வெளியிட்டாலும், அது எந்தத் தொகைநூலிலிருந்து அல்லது எந்த உரையிலிருந்து கிடைத்தது என்பதை அடியில் ஒரு வரியில் குறிக்க வேண்டுகிறேன். சிதைந்த இடங்களில் புள்ளிகளை விட்டுவைக்கவும் வேண்டுகிறேன். வளையாபதியின் கதை என்று சென்ற இதழில் தரப்பட்ட பகுதிக்கு அடுத்த இதழிலேயே ஒரு திருத்தக் குறிப்பு வெளியிட்டால் நன்றியுடையவனாவேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர்,
கும்பகோணம்.