லேமினேட் செய்ய வேண்டாம்

செந்தூல், கோலாலம்பூர்
16 நவம்பர் 2025

அன்புள்ள தேவி,

உன் கடிதம் போன வாரமே வந்துவிட்டது. உடனே பதில் எழுத உட்கார்ந்தேன், கை ஓடவில்லை. உன் வகுப்புப் பையனைப் பற்றி நீ எழுதிய பக்கத்திலேயே நின்றுவிட்டேன். "ஆறாம் ஆண்டுப் பிள்ளைகள் எல்லாரும் அடையாள அட்டை (ஐசி) எடுக்கப் போனார்கள், அவன் மட்டும் வயிற்று வலி என்று வீட்டில் இருந்துவிட்டான்" என்று எழுதியிருந்தாய். எனக்கும் அந்த வயிற்று வலி வந்தது, ஞாபகம் இருக்கிறதா?

2002ஆம் ஆண்டு அது. சில்லு வைத்த மைகாட் ஐசி அப்போதுதான் புதிது. வகுப்பில் ஆளாளுக்குக் கார்டை எடுத்துக் காட்டி, படம் நன்றாக விழவில்லை என்று அலுத்துக்கொண்டார்கள். நீ மட்டும் காட்டவே இல்லை. ஒரு நாள் உன் பென்சில் பெட்டியில் அழிரப்பர் தேடியபோது, அடியில் மடித்து வைத்திருந்த தாளுக்குக் கீழே அது இருந்தது. பார்த்துவிட்டு மூடி வைத்தேன். எனக்காகத்தான் ஒளித்தாய் என்று அப்போதே தெரியும். இத்தனை வருடம் உன்னிடம் சொல்லவில்லை, இப்போது சொல்கிறேன்.

எங்கள் வீட்டுச் சிக்கல் உனக்கு அரைகுறையாகத்தான் தெரியும். அம்மா 1965இல் தோட்டத்து லயத்தில் பிறந்தவர். பிறப்பை யாரும் பதியவில்லை. அதனால் சூரா, அதாவது பிறப்புச் சான்றிதழ், இல்லை. சூரா இல்லாததால் ஐசி இல்லை. அப்பா குடிமகன், லோரி ஓட்டுநர். கோயிலில் தாலி கட்டினார்கள். 1982 மார்ச்சிலிருந்து முஸ்லிம் அல்லாதவர் திருமணத்தைச் சட்டப்படி பதிய வேண்டும், ஆனால் பதியப் போனால் முதலில் ஐசியைத்தான் கேட்பார்கள். அம்மாவிடம் ஏது? பதியாத திருமணத்தில் பிறக்கும் பிள்ளைக்கு இந்த நாட்டில் தாயின் குடியுரிமை நிலைதான். அப்பா குடிமகனுக்கான நீல ஐசி வைத்திருந்தும் எனக்குப் பயனில்லை. என் பிறப்புச் சூராவில் அம்மாவின் ஐசி எண் வர வேண்டிய கட்டத்தில் ஒரு சின்னக் கோடு மட்டும் இருக்கும். படிக்கிற காலத்தில் அந்தக் கோட்டை எத்தனை முறை விரலால் தடவிப் பார்த்திருப்பேன்!

நல்ல எண்ணத்தில் அப்பா அந்தச் சூராவைக் கடையில் கொடுத்து லேமினேட் செய்துவிட்டார். பதிவு இலாகா கவுண்டரில், பிளாஸ்டிக் போட்டதை வாங்க முடியாது என்று திருப்பி அனுப்பினார்கள். அன்று இரவு சமையலறை விளக்கில் பிளேடை வைத்துக்கொண்டு ஓரம் ஓரமாக உரித்தார். அம்மா பெயரின் கடைசி இரண்டு எழுத்து பிளாஸ்டிக்கோடு வந்துவிட்டது. அப்பா அழுது நான் பார்த்தது அன்று ஒரு நாள்தான். புது நகல் எடுக்க இரண்டு மாதம் ஆனது.

நீ கேட்ட கேள்விக்கு வருகிறேன். "நன்றாகப் படி, எல்லாம் தானாக வரும் என்று சொல்லலாமா?" என்று கேட்டிருக்கிறாய். படிக்கச் சொல், தேவி. ஆனால் தானாக வரும் என்று சொல்லாதே. என்னிடம் எல்லா ஆசிரியர்களும் அதைத்தான் சொன்னார்கள். நானும் நம்பினேன். 2007இல் பள்ளி இறுதித் தேர்வான எஸ்பிஎம்மில் எட்டு ஏ எடுத்தேன். நீ படிவம் ஆறுக்குப் போனாய். எனக்கு அரசுப் பல்கலைக்கழகமும் இல்லை, பிடிபிடிஎன் கல்விக் கடனும் இல்லை. அதே வருடம்தான் குடியுரிமை கேட்டுப் போட்ட முதல் விண்ணப்பத்துக்குப் பதில் வந்தது. நிராகரிப்பு, ஒரே பத்தி. காரணம் எழுதவில்லை.

ஜாலான் ஈப்போவில் ஒரு கணக்காளர் என்னை வேலைக்கு எடுத்தார். ஐயா என்றுதான் கூப்பிடுவேன். மாதம் 600 வெள்ளி சம்பளம், பழுப்பு உறையில் ரொக்கமாக. சேமநிதி கிடையாது, சொக்சோ காப்புறுதி கிடையாது. மாதக் கடைசியில் முப்பது கம்பெனிகளின் வங்கி அறிக்கையை லெட்ஜரோடு ஒத்துப்பார்ப்பது என் வேலை. என் பெயரில் ஒரு சேமிப்புக் கணக்குகூடத் திறக்க முடியாது. பச்சை மையில் டிக் போடக் கற்றுக்கொடுத்தவர் அவர். ஒரு சென் இடித்தாலும் விடமாட்டார். "ஒரு சென் இல்லை, ரெண்டு தப்பு ஒண்ணை ஒண்ணு மறைக்குது" என்பார். இன்று வரைக்கும் நான் அப்படித்தான் பார்க்கிறேன். சாயங்காலம் எல்சிசிஐ கணக்கியல் வகுப்பு. பஸ்ஸில் வரும்போது ரோட்டில் போலீஸ் தடுப்பு இருந்தால் சூராவின் நகலைக் கையில் எடுத்து வைத்துக்கொள்வேன், கேட்பதற்கு முன்பே.

2011 மார்ச்சில் குடியுரிமைக்கு அங்கீகாரம் வந்தது. எனக்கு இருபது வயது. என்ன மாறியது என்கிறாய்? நான் அதே ஆள்தான். முதல் நாள் இருந்த மூளைதான் மறுநாளும். ஆனால் வங்கிக் கணக்கு, ஓட்டுநர் உரிமம், ஏசிசிஏ கணக்காளர் தேர்வுக்குப் பதிவு எல்லாம் ஒரே மாதத்தில் நடந்தது. அது வந்தது என் எட்டு ஏயால் இல்லை. அப்பா சம்பளம் இல்லாமல் விடுப்பு எடுத்து எடுத்து கவுண்டருக்குப் போனார். பாட்டனின் பெயர் இருந்த செக்ரோல் புத்தகத்தை, அதாவது தோட்டத்து ஆள் பதிவேட்டை, தேடித் தோட்டத்துக்கு மூன்று முறை போனார். பக்கத்து வீட்டுப் பாட்டி சத்தியப் பிரமாண ஆணையர் முன்னால் வந்து, இவள் அம்மா பிறந்தபோது நான்தான் தொப்புள்கொடி அறுத்தேன் என்று கைநாட்டு வைத்தார்.

அப்புறமும் விடவில்லை. 2016இல் ஒரு பெரிய நிறுவனத்தில் நேர்காணல். சேமநிதி அறிக்கையில் 2011க்கு முன் ஒன்றுமே இல்லையே, மூன்று வருட அனுபவம் என்று எப்படி எழுதினீர்கள் என்று கேட்டார்கள். பொய் சொல்கிறேன் என்று முகத்தைப் பார்த்தாலே தெரியும்படி கேட்டார்கள். ஐயா கைப்பட எழுதிய கடிதத்தைக் கொடுத்தேன். அந்த வேலை கிடைக்கவில்லை. அடுத்த இடத்தில் கிடைத்தது. இன்று தணிக்கைப் பிரிவில் எனக்குக் கீழே பதினோரு பேர். ஐயா போன வருடம் தவறிவிட்டார், அதை உனக்கு எழுதினேனா?

அம்மாவுக்கு 2019இல் நிரந்தரவாசிக்கான சிவப்பு ஐசி கிடைத்தது. நீலத்துக்கு இன்னும் காத்திருக்கிறார். 2013 மே 5இல் நான் முதல் முறை ஓட்டுப் போட்டுவிட்டு வந்தபோது, மை வைத்த என் விரலைப் பிடித்துக்கொண்டு வாசலிலேயே நின்றவர்.

சரி, உன் பையன் விஷயம். முதலில் அவன் அம்மாவிடம் தனியாகப் பேசு. திருமணம் பதிந்ததா, தத்துப் பிள்ளையா, அம்மாவுக்கே சூரா இல்லையா என்று தெரிய வேண்டும், ஒவ்வொன்றுக்கும் வழி வேறு. மருத்துவமனையில் விடப்பட்டுத் தத்தெடுக்கப்பட்ட பிள்ளைக்குக் கூட்டரசு நீதிமன்றம் 2021 நவம்பரில் குடியுரிமை உண்டு என்றது. அதே ஆண்டு மே மாதம், வெளிநாட்டில் பிறந்து, பிறகு பெற்றோர் மணந்துகொண்ட ஒரு பிள்ளைக்கு, 4-3 என்ற நீதிபதிகளின் பெரும்பான்மையில், இல்லை என்றது. பையன் அரசியலமைப்பின் 15ஏ பிரிவில்தான் விண்ணப்பிக்க வேண்டியிருக்கும் என்று நினைக்கிறேன். என் காலத்தில் அதற்கு 21 வயது வரை நேரம் இருந்தது. 2024 அக்டோபரில் மக்களவையில் நிறைவேறிய திருத்தத்தில், வெளிநாட்டில் பிள்ளை பெறும் தாய்மார்களுக்கு நல்லது செய்த அதே கையோடு, இந்த வயதை 18 ஆகக் குறைத்தார்கள். எனக்கு ஒரு நிராகரிப்பும் இரண்டாவது விண்ணப்பமுமாக ஏழு வருடம் போனது. அவனுக்கு இப்போது பன்னிரண்டு. கணக்குப் போட்டுப் பார்.

அவன் வழக்கறிஞராக வேண்டும் என்கிறான் என்று எழுதியிருந்தாய். 1976ஆம் ஆண்டு வழக்கறிஞர் தொழில் சட்டப்படி, குடிமகனாகவோ நிரந்தரவாசியாகவோ இல்லாதவரைச் சேர்த்துக்கொள்ள மாட்டார்கள். இதை அவனிடம் இப்போது சொல்ல வேண்டாம். அவன் அம்மாவிடம் சொல்.

ஆண்டிறுதி விடுமுறையில் இரண்டு பேரையும் அழைத்துக்கொண்டு வா. புக்கிட் மெர்தாஜாமில் இடிஎஸ் ரயில் ஏறினால் போதும், கேஎல் சென்ட்ரலுக்கு நான் வந்துவிடுகிறேன். டிக்கெட் செலவு என்னுடையது. சூரா, கிளினிக் ஊசி அட்டை, ஒன்றாம் ஆண்டிலிருந்து எல்லாத் தேர்ச்சி அறிக்கையும், அம்மாவின் பழைய சம்பளச் சீட்டு இருந்தால் அதுவும். எதையும் லேமினேட் செய்ய வேண்டாம் என்று சொல்.

அவனுக்கு என்ன சாப்பிடப் பிடிக்கும் என்று கேட்டு எழுது. அம்மா இப்போதே கேட்க ஆரம்பித்துவிட்டார்.

அன்புடன்,
வாணி