திமிங்கிலம் பார்க்கும் படகுகளுக்காகக் கோணேசர் மலையில் கண்காணிப்பு இடம் கோரும் மனு

திருகோணமலை,
மாசி மாதம்.

அரசாங்க அதிபர் அவர்கள்,
மாவட்டச் செயலகம்,
திருகோணமலை.

மதிப்பிற்குரிய ஐயா,

விடயம்: திமிங்கிலம் பார்க்கும் பருவம் தொடங்குமுன் கோணேசர் மலையில் காலை வேளைக் கண்காணிப்பு இடமும், படகுகளுக்கு முறை வைக்கும் ஒழுங்கும் ஏற்படுத்தித் தருமாறு கோருதல்

நிலாவெளி, உப்புவெளி, திருகோணமலை நகரக் கரைகளிலிருந்து சுற்றுலாப் பயணிகளைத் திமிங்கிலம் பார்க்க ஏற்றிச் செல்லும் படகோட்டிகளும் வழிகாட்டிகளுமான நாங்கள் இம்மனுவைச் சமர்ப்பிக்கிறோம். பங்குனி தொடக்கம் ஆவணி வரை எங்கள் கடலில் நீலத்திமிங்கிலமும் எண்ணெய்த் திமிங்கிலமும் (ஸ்பேர்ம் திமிங்கிலம்) வருகின்றன. துறைமுக வாயிலுக்கு வெளியே கடலடிப் பள்ளத்தாக்கு கரைக்கு அண்மையிலேயே ஆழமாக இறங்குவதே அதற்குக் காரணம். அதனால் சிறிய ஃபைபர் படகிலேயே போய்வரக்கூடிய தூரத்தில் அவை கிடைக்கின்றன. சில நாள் ஐந்து கடல் மைலில், சில நாள் பதினைந்தில்.

சட்டம் இல்லாமல் நாங்கள் வரவில்லை. 1937ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கத் தாவர விலங்கினப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின் கீழ் 2012இல் கடற்பாலூட்டிகளைப் பார்வையிடுவதற்கான ஒழுங்குவிதிகள் வந்துவிட்டன. திமிங்கிலத்துக்கு 100 மீற்றருக்குள் போகக்கூடாது என்பதும் கரையில் எல்லோருக்கும் தெரியும். ஆனால் தெரிந்திருந்தும் மீறப்படுகிறது. ஏன் மீறப்படுகிறது என்பதைச் சரியாகச் சொன்னால்தான் நாங்கள் கேட்பது ஏன் மலை உச்சியில் ஒரு இடம் என்பது தங்களுக்கு விளங்கும்.

படகில் நிற்பவரின் கண் தண்ணீரிலிருந்து ஏறக்குறைய இரண்டு மீற்றர் உயரத்தில் இருக்கிறது. அந்த உயரத்தில் அடிவானம் ஐந்து கிலோமீற்றர்தான். நீலத்திமிங்கிலத்தின் மூச்சு, அதாவது மூச்சு விடும்போது பீறிடும் ஆவி, முப்பது அடி வரை நேராக எழும்பும் என்றாலும், அலை வெள்ளை தட்டத் தொடங்கிவிட்டால் இரண்டு கிலோமீற்றருக்கு அப்பால் அதைப் பிரித்தறிவது கடினம். ஆகவே ஒவ்வொரு படகும் தனித்தனியே தேடி அலைகிறது. யாராவது ஒருவர் மூச்சைக் கண்டு திரும்பினால், அவரது படகின் மூக்கு திரும்புவதைப் பார்த்தே மற்ற எல்லோரும் முழு வேகத்தில் அங்கே ஓடுகிறார்கள்.

நீலத்திமிங்கிலம் மேலே வந்தால் பத்துப் பதினைந்து செக்கன் இடைவெளியில் எட்டுப் பத்து மூச்சு விடும், பிறகு வாலைத் தூக்கி இறங்கும். மொத்தம் இரண்டு மூன்று நிமிடம். இறங்கினால் பத்து நிமிடம் அளவுக்குக் கீழேயே இருக்கும். ஒரு கிலோமீற்றர் தள்ளி நிற்கும் படகு முழு வேகத்தில் ஓடினாலும் அது போய்ச் சேரும்போது வால்தான் மிஞ்சும். அதுவும் எல்லாத் திசையிலிருந்தும் எஞ்சின் இரைச்சல் வந்தால், எட்டு மூச்சு விடவேண்டியது நாலிலேயே இறங்கிவிடும். அடுத்த முறை எங்கே எழும்பும் என்று சொல்ல முடியாது. வாலடித்த இடத்தில் எண்ணெய் தடவியதுபோல் வழுவழுப்பான ஒரு வட்டம் கொஞ்ச நேரம் நிற்கும். புதிதாக வந்தவர்கள் அந்த வட்டத்தின் மேல் போய் நின்று காத்திருக்கிறார்கள். அது திமிங்கிலம் விட்டுப்போன அடிச்சுவடு. அது போன திசையைப் பார்த்து ஒதுங்கி நிற்பவருக்குத்தான் அடுத்த மூச்சு கிடைக்கும்.

எண்ணெய்த் திமிங்கிலத்தின் கணக்கு வேறு. மூச்சு குட்டையாக, முன்பக்கம் இடதுபுறமாகச் சரிந்து வரும். மேலே பத்து நிமிடம் வரை மரக்கட்டைபோல் கிடக்கும், இறங்கினால் முக்கால் மணித்தியாலம்கூடத் திரும்பாது. இதை நீலத்திமிங்கிலம் என்று நினைத்துப் பத்து நிமிடம் காத்திருந்துவிட்டுப் பொறுமையிழந்து அங்குமிங்கும் ஓடுவது தினமும் நடக்கிறது. இவை கூட்டமாக, குட்டிகளோடு வருபவை. தாய்க்கும் குட்டிக்கும் நடுவே படகை விடுவதுதான் நாங்கள் பார்ப்பவற்றுள் மிக மோசமான தவறு.

கோணேசர் மலையின் கதையே வேறு. கடலுக்கு நேரே நூறு மீற்றருக்கு மேல் உயர்ந்து நிற்கும் பாறை அது. அந்த உயரத்திலிருந்து அடிவானம் முப்பத்தைந்து கிலோமீற்றருக்கு அப்பால் போய்விடுகிறது. கோயிலுக்கு வருபவர்கள் வெறுங்கண்ணாலேயே மூச்சைக் கண்டு கை நீட்டிக் காட்டுவது எங்கள் ஊரில் புதினமில்லை. உள்ளே திசைகாட்டியும் அளவுக்கோடுகளும் உள்ள 7×50 தொலைநோக்கி ஒன்று இருந்தால், மூச்சு எந்தப் பாகையில் என்பதையும், அடிவானத்துக்குக் கீழே எத்தனை கோடு என்பதைக் கொண்டு எவ்வளவு தூரம் என்பதையும் ஒரே பார்வையில் சொல்லிவிடலாம். ஒரு இடைஞ்சல் உண்டு. காலையில் சூரியன் கடலின் மேல் நேர் எதிரே இருப்பதால், எட்டு மணி வரை கிழக்கே ஒரு பட்டை கண்ணைக் கூசவைக்கும். அந்தப் பட்டையை விட்டு வடகிழக்கையும் தென்கிழக்கையும் பார்க்க வேண்டும். ஒரே ஆள் அரை மணித்தியாலத்துக்கு மேல் தொலைநோக்கியில் கண் வைத்தால் இருப்பதும் தெரியாது, ஆகவே இருவர் மாறி மாறி நிற்க வேண்டும்.

வானொலிக்கும் இதே இடம்தான் பொருத்தம். ஐந்து வாற்று வலுவுள்ள கையடக்க விஎச்எஃப் வானொலிக் கருவி படகிலிருந்து படகுக்கு நாலைந்து கடல் மைல்தான் எட்டும். அதே கருவி மலை உச்சியோடு பேசினால் நாங்கள் போகும் தூரம் முழுவதும் கேட்கும். அலைவரிசை 16 ஆபத்துக்கும் முதல் அழைப்புக்கும் உரியது. முறை அறிவிக்க வேறொரு அலைவரிசை வேண்டும். அதற்கான அனுமதியைத் தொலைத்தொடர்புகள் ஒழுங்குபடுத்தும் ஆணைக்குழுவிடம் தங்கள் பரிந்துரையோடு பெற வேண்டியுள்ளது.

மலைக்குப் போகும் பாதை பிரெட்றிக் கோட்டைக்குள்ளால் போகிறது, கோட்டை இராணுவத்தின் பொறுப்பில் உள்ளது. மேலே கோயில் வளாகம். தொலைநோக்கியோடும் வானொலியோடும் விடியற்காலையில் இருவர் உள்ளே போவதென்றால் இராணுவத்தினதும் ஆலய நிர்வாகத்தினதும் எழுத்து மூல அனுமதி இல்லாமல் முடியாது. நாங்கள் தனித்தனியே போய்க் கேட்கக்கூடிய காரியமல்ல இது. தாங்கள் ஒரு கூட்டத்தில் எல்லாத் தரப்பையும் உட்காரவைத்தால் ஒரு காலையில் முடியும். வழிபாட்டுக்கு இடைஞ்சலில்லாத ஒரு மூலை, காலை 5.30 முதல் 10 மணி வரை, போதும். கூரைகூட வேண்டாம்.

அந்த இடம் கிடைத்தால் நடைமுறை இப்படி இருக்கும். மலையிலிருப்பவர் பாகையும் தூரமும் சொல்வார். ஒரு திமிங்கிலத்துக்கு ஒரு நேரத்தில் மூன்று படகு, இருபது நிமிடம். மற்றவை 400 மீற்றருக்கு வெளியே நிற்கும். முறை வந்த படகு பின்னாலிருந்தோ நேர் முன்னாலிருந்தோ நெருங்காமல், பக்கவாட்டில் அது போகும் திசைக்கு ஒத்தபடி, மெதுவாகப் போகும். 100 மீற்றரில் கியரை நியூற்றலில் போடும். அருகில் நின்று ரிவர்ஸ் போடக்கூடாது, விசிறி தண்ணீரைக் கலக்கும் சத்தம் முன்னே ஓடுவதைவிட மோசமானது. திமிங்கிலம் தானாகப் படகுக்கு அருகே வந்தால் எதுவும் செய்யாமல் நிற்க வேண்டும். நேரம் முடிந்ததும் வந்த வேகத்திலேயே விலகி, 400 மீற்றர் தாண்டிய பிறகுதான் எஞ்சினைக் கூட்டலாம்.

நியூற்றலில் நில் என்று சொல்வது எளிது. எங்கள் படகுகளில் பெரும்பாலானவை மண்ணெண்ணெயில் ஓடும் எஞ்சின்கள். பெற்றோலில் தொடக்கி, சூடேறியபின் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவோம். மண்ணெண்ணெயில் நீண்ட நேரம் மெதுவாக ஓடவிட்டால் பிளக்கில் கரி பிடித்து எஞ்சின் நின்றுவிடும். நடுக்கடலில் கயிறு இழுத்து இழுத்துக் கை ஓய்ந்த பிறகும் தொடங்காது. ஓட்டி நிறுத்தப் பயந்து சுற்றிச் சுற்றி ஓடுவதற்கு இதுவே உண்மையான காரணம், ஆசை மட்டுமல்ல. காத்திருக்குமுன் பெற்றோலுக்கு மாற்றினால் இந்தச் சிக்கல் இல்லை. ஆகவே ஒவ்வொரு படகிலும் ஐந்து லீற்றர் பெற்றோல், இரண்டு மாற்றுப் பிளக், பிளக் கழற்றும் சாவி இருப்பதைப் புறப்படும் இடத்திலேயே பார்க்க வேண்டும். கடற்றொழில் திணைக்களப் பரிசோதகர் ஒருவர் பார்த்தால் போதுமானது.

நூறு மீற்றரைக் கடலில் கண்ணால் அளக்க யாருக்கும் தெரியாது. தெரியும் என்பவர்தான் ஐம்பதில் நிற்பார். நிலாவெளிக் கரைக்கு எதிரே 100 மீற்றர் இடைவெளியில் இரண்டு மிதவைகளை நங்கூரமிட்டு வைத்தால், தினமும் போய்வரும்போது கண் தானாகப் பழகும். இன்னொரு வழியும் உண்டு. கையை முழுதாக நீட்டி இரண்டு விரல்களைச் சேர்த்துப் பிடித்தால், பக்கவாட்டில் நிற்கும் இருபதடிப் படகு ஏறத்தாழ அந்த அகலத்துக்குள் அடங்கும் தூரம்தான் நூறு மீற்றர். இதை வழிகாட்டிகளுக்குச் சொல்லிக்கொடுக்கலாம்.

காற்றைப் பற்றியும் சொல்ல வேண்டும். வைகாசிக்குப் பிறகு கச்சான் என்னும் தென்மேற்குக் காற்று காலை ஒன்பது பத்து மணிக்கெல்லாம் ஏறத் தொடங்கும். அது கரையிலிருந்து கடலுக்கு அடிக்கும் காற்று. போகும்போது முதுகில் தள்ளுவதால் தெரியாது, திரும்பும்போது முகத்தில் அடிக்கும். எரிபொருள் கூடப் போகும், பயணிகள் நனைந்து வாந்தியெடுப்பார்கள், எஞ்சின் நின்றால் படகு வெளிக்கடலுக்கே இழுபடும். கொண்டுபோகும் எரிபொருளில் மூன்றில் ஒன்று போக, மூன்றில் ஒன்று வர, மிச்சம் தொடக்கூடாது என்பதே பாதுகாப்பான கணக்கு. மலையிலிருப்பவர் வெள்ளை அலை தெரியத் தொடங்கியதும் திரும்பச் சொல்லி அறிவிப்பார், அதைக் கேட்காத படகின் பெயர் பதிவேட்டில் ஏறும். இருபதடிப் படகுக்கு ஆறு பயணிகள், இரண்டு பணியாளர்கள் என்ற எல்லையும், குழந்தைகளுக்கு அளவான, கால்களுக்கிடையே பட்டி உள்ள உயிர்காப்பு அங்கியும் கட்டாயமாக்கப்பட வேண்டும். பெரியவர்களின் அங்கியைப் பிள்ளைக்கு மாட்டினால் தண்ணீரில் அங்கி மேலே நிற்கும், பிள்ளை கீழே வழுகிவிடும்.

திமிங்கிலத்தோடு நீந்த விடுவதாகக் கூட்டிப்போவதும் நடக்கிறது. அனுமதியின்றி அது சட்டவிரோதம். அதற்காகத் திமிங்கிலத்தின் பாதைக்கு முன்னால் ஓடிப்போய் ஆட்களை இறக்குகிறார்கள். நீச்சல் கண்ணாடியும் காலில் மாட்டும் நீச்சல் துடுப்பும் படகில் இருந்தால் பிடியுங்கள் என்று சொல்லிவிடலாம், ஆனால் அதே படகுகள், பவளப்பாறைகளை நீந்திப் பார்க்கும் புறாத்தீவுக்கும் பயணிகளை ஏற்றுகின்றன. ஆகவே அந்தச் சாமான்களைத் திமிங்கிலப் பயணம் முடிந்து கரைக்குத் திரும்பிய பிறகே ஏற்ற வேண்டும் என்று விதித்தால் நேர்மையான படகுக்கும் நட்டமில்லை.

கடைசியாக ஒன்று, விளம்பரம். “நிச்சயம் காட்டுவோம், இல்லையேல் பணம் வாபஸ்” என்று எழுதும் பலகைகளை அகற்றுமாறு கோருகிறோம். அந்த வாக்குறுதி கொடுத்தவர் காலை ஒன்பதரைக்கு எதையும் காணாதபோது, எங்கே ஒரு மூச்சு தெரிந்தாலும் எல்லாவற்றையும் மறந்து ஓடுவார். காணாவிட்டால் மறுநாள் பாதிக் கட்டணத்தில் இன்னொரு பயணம் என்பதே எங்களுக்குள் ஒத்துக்கொள்ளக்கூடியது.

தொலைநோக்கி ஒன்றையும் வானொலிக் கருவிகளையும் படகோட்டிகள் பங்குபோட்டு வாங்கத் தயார். மலையில் நிற்கும் இருவரின் நாட்கூலியை ஒவ்வொரு பயணச் சீட்டிலிருந்தும் ஒரு சிறு தொகை ஒதுக்கிக் கொடுக்கலாம். அந்தத் தொகை எவ்வளவு என்பதைத் தாங்களே நிர்ணயித்துத் தந்தால் கரையில் தகராறு வராது. பங்குனி முதல் வாரத்துக்குள் கூட்டம் ஒன்றைக் கூட்டித் தருமாறு தயவுடன் கேட்டுக்கொள்கிறோம்.

இப்படிக்கு,
திமிங்கிலப் பயணப் படகோட்டிகளும் வழிகாட்டிகளும்
(கையொப்பங்கள் இணைக்கப்பட்டுள்ளன)

பிரதிகள்:
வனஜீவராசிகள் பாதுகாப்புத் திணைக்களம்
கடற்றொழில் நீரியல் வளத் திணைக்களம்
இலங்கைச் சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபை
ஆலய நிர்வாகம், திருக்கோணேஸ்வரம்