பாலாற்று ஊற்றுக்கால்களை மாசிக்குள் தூர்வார வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

பாலாறு வறண்டு கிடக்கிறது என்று கோடைக்குக் கோடை செய்தி வருகிறது. கூடவே இன்னொரு தடுப்பணை வேண்டும் என்ற கோரிக்கையும் எழுகிறது. ஆற்றோர ஊர்களில் தூர்ந்து கிடக்கும் ஊற்றுக்கால்களைப் பற்றி, அதாவது ஆற்று மணலுக்குள் ஊறும் தண்ணீரை வயலுக்குக் கொண்டுவரும் கால்வாய்களைப் பற்றி, யாரும் வாய் திறப்பதில்லை. இந்தக் கடிதம் அவற்றுக்காக.

நந்தி மலைப் பகுதியில் பிறந்து, கர்நாடகத்தில் 93, ஆந்திரத்தில் 33, தமிழ்நாட்டில் 222 கிலோமீட்டர் ஓடி, வயலூர் அருகே கடலில் கலக்கும் ஆறு இது. மணலுக்கு மேல் தண்ணீர் ஓடுவது ஆண்டில் சில வாரங்கள்தான், அதுவும் ஐப்பசி, கார்த்திகை மழை கைகொடுத்தால். அந்தச் சில வாரத்து வெள்ளத்தைப் பிடிக்கத்தான் வாலாஜா அருகே அணைக்கட்டு கட்டினார்கள். மகேந்திரவாடி, காவேரிப்பாக்கம், சக்கரமல்லூர், தூசி கால்வாய்கள் வழியே அது ஏரிகளை நிரப்புகிறது. மற்ற மாதங்களில் ஊரைக் காப்பாற்றியது மணலுக்குள் நகரும் தண்ணீர்.

இதன் அளவைப் பலர் உணர்வதில்லை. 500 மீட்டர் அகல ஆற்றில் 1 கிலோமீட்டர் நீளத்துக்கு 1 மீட்டர் கனத்தில் நல்ல பருமணல் இருந்தால் அது 5 லட்சம் கன மீட்டர். அதில் ஐந்தில் ஒரு பங்கு தண்ணீராக வடிந்து வந்தாலே 10 கோடி லிட்டர். மேல்மணலுக்கு இரண்டடிக்குக் கீழே நீர்மட்டம் இறங்கிவிட்டால் வெயில் அதை அவ்வளவாகத் தொடாது. எந்த ஏரிக்கும் இந்தப் பாதுகாப்பு கிடையாது.

இந்தத் தண்ணீரை மோட்டார் இல்லாமல் வயலுக்குக் கொண்டுவருவதுதான் ஊற்றுக்கால். சூட்சுமம் முழுக்கச் சரிவில் இருக்கிறது. ஆற்றுப்படுகை கிலோமீட்டருக்கு 1.5 மீட்டர் இறங்குகிறது என்று வையுங்கள். கால்வாய்க்கு 0.5 மீட்டர் இறக்கம் போதும். கால்வாய் தொடங்கும் இடமான தலைப்பில் 2 மீட்டர் ஆழத்தில் தொடங்கினால், 2 கிலோமீட்டர் தள்ளிக் கால்வாயின் அடிமட்டம் மணல்மட்டத்துக்கு வந்துவிடும். அங்கிருந்து கரையைத் தாண்டி வயலுக்கோ ஏரிக்கோ தானாகப் பாயும்.

மணல் அள்ளியதால் முதலில் செத்தது இந்தக் கணக்குதான். தலைப்பில் படுகை 1 மீட்டர் இறங்கினால் நீர்மட்டமும் கூடவே இறங்கும், பழைய கால்வாய் அந்தரத்தில் நிற்கும். தலைப்பையும் 1 மீட்டர் ஆழப்படுத்தலாமே என்பார்கள். அப்போது கால்வாய் முடியும் வால்பக்கம், வயலுக்குத் தண்ணீர் பாயும் மடையைவிட 1 மீட்டர் தாழ்ந்துபோகும், தண்ணீர் ஏறாது. களிமண் தெரியும்வரை அள்ளிய இடங்களிலோ தேக்கிவைக்க மணலே இல்லை. 2021 நவம்பரில் கரைபுரண்டு வந்த வெள்ளம் அப்படிப்பட்ட இடங்களில் நிற்காமல் ஓடிப்போனது.

ஆனாலும் படுகை தப்பிய இடங்கள் இன்னும் இருக்கின்றன. அங்கே ஊற்றுக்கால் தூர்ந்திருப்பதற்குக் காரணம் வெள்ளம் கொண்டுவந்த வண்டல், நாணல், சீமைக்கருவேலம், இவ்வளவுதான். வெள்ளம் வடிந்ததும் தை, மாசியில் ஆண்டுதோறும் ஊரார் கூடிக் குடிமராமத்தாகச் செய்த வேலை நின்றுபோனதால் வந்த கேடு.

தூர்வாரும்போது நடக்கும் தவறுகளையும் சொல்ல வேண்டும். வேலையை வாலிலிருந்து தொடங்கித் தலைப்பு நோக்கிப் போக வேண்டும். அப்போதுதான் ஊறும் தண்ணீர் வடிந்துகொண்டே இருக்கும், ஆள் இறங்கி நிற்க முடியும். பொக்லைனைத் தலைப்பில் இறக்கினால் குட்டைதான் மிஞ்சும். ஈரமணல் செங்குத்தாக நிற்காது. 1 மீட்டர் ஆழத்துக்கு இருபுறமும் ஒன்றரை முதல் 2 மீட்டர் சாய்வு விட வேண்டும். அள்ளிய மணலை விளிம்பிலேயே குவித்தால் மறுநாளே சரிந்து உள்ளே விழும். 3 மீட்டராவது தள்ளிப் படுகையிலேயே பரப்பிவிட வேண்டும், லாரியில் ஏற்றக் கூடாது. களிமண் தட்டியதும் நிறுத்திவிட வேண்டும். கருவேலத்தை வெட்டினால் போதாது, வேரோடு பிடுங்காவிட்டால் அடுத்த மழைக்குத் துளிர்த்துவிடும்.

தடுப்பணைகள் வேண்டாம் என்பது எங்கள் வாதமில்லை. வயலூரில் கடல்நீர் ஏறாமல் தடுக்க அணை அவசியம்தான். ஆனால் மணல்போக்கி மதகு இல்லாமலோ, இருந்தும் வெள்ளத்தில் திறக்காமலோ விட்ட அணைக்குப் பின்னால் சேற்று வண்டல் படிந்து படுகையின் கண்ணை அடைத்துவிடும். மேலே தண்ணீர் நிற்கும், கீழே இறங்காது. இதை யாரும் சோதித்துப் பார்க்கலாம். அணைக்குப் பின்னாலிருந்து ஈரமணலைக் கைப்பிடி எடுத்து இறுக்கிப் பிடித்து விரலை விரியுங்கள். நல்ல மணல் உதிரும், கையில் கறை நிற்காது. உருண்டையாக நின்று உள்ளங்கையில் பழுப்பு ஒட்டினால் வண்டல். ஒரு பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு மணலும் மீதி தண்ணீருமாகக் குலுக்கிவைத்தால், சில மணி நேரத்தில் மணலுக்கு மேல் வண்டல் தனி அடுக்காகப் படிந்து அளவைக் காட்டிவிடும். அந்த அடுக்கு கனமாக இருக்கும் இடத்தில் முதல் வேலை, மேல்வண்டலைச் சுரண்டி எடுப்பதுதான்.

வாணியம்பாடி, ஆம்பூர்ப் பக்கம் நிலைமை வேறு. தோல் பதனிடும் ஆலைகளின் கழிவு நிலத்தடி வரை இறங்கிய பகுதி அது. 1996இல் அந்தக் கழிவு குறித்து உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகும் பல கிணறுகளின் உப்பு மாறவில்லை. அங்கே ஊற்றுநீரைப் பரிசோதிக்காமல் வயலுக்குத் திருப்பக் கூடாது.

எங்கள் கோரிக்கை மூன்று. எந்த ஊரில் எத்தனை ஊற்றுக்கால், தலைப்பு எங்கே, வால் எங்கே என்று பழைய நில அளவை வரைபடத்தை வைத்துக் கணக்கெடுக்க வேண்டும். ஒவ்வொரு தலைப்பிலும் படுகைமட்டம் குறித்த கல் நட்டு, வெள்ளத்துக்கு முன்னும் பின்னும் அளந்து ஊராட்சிப் பலகையில் எழுத வேண்டும். தாம்பரம், பல்லாவரம் வரை குடிநீர் கொடுக்கும் ஆற்றுக் கிணறுகளும் இதே மணலைத்தான் நம்பியிருக்கின்றன. ஆகவே தூர்வாரும் செலவில் அந்த நகரங்களும் பங்கு ஏற்க வேண்டும். வரும் தை பிறப்பதற்குள் கணக்கெடுப்பு முடிந்தால் மாசியில் மண்வெட்டி எடுக்கலாம்.

இப்படிக்கு,
பாலாற்றுப் பாசன விவசாயிகள்,
காஞ்சிபுரம் மாவட்டம்.