கட்டங்காவைச் செழிக்க வைத்தது யுரேனியமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கூடங்குளம் அணு உலைகளின் எரிபொருள் குறித்துத் தங்கள் நாளிதழில் வந்த கட்டுரையில், 1960இல் காங்கோவிலிருந்து பிரிந்த கட்டங்கா, யுரேனியம் விற்றே செல்வம் குவித்துச் சீரழிந்ததாக ஒரு வரி இருந்தது. சீரழிந்தது உண்மை, காரணத்தைத்தான் திருத்த வேண்டியிருக்கிறது.

மிகச் செறிவான யுரேனியத் தாது அங்குள்ள ஷின்கொலொப்வே சுரங்கத்தில் கிடைத்தது. அதை நடத்திய பெல்ஜிய நிறுவனமான யூனியன் மினியேரின் இயக்குநர் எட்கர் செஞ்சியே, 1940இலேயே ஆயிரம் டன்னுக்கு மேற்பட்ட தாதுவை நியூயார்க்குக்குக் கப்பலேற்றிவிட்டார். ஹிரோஷிமாவில் விழுந்த குண்டுக்கான யுரேனியத்தில் பெரும்பகுதி அந்தச் சுரங்கத்தினுடையது. ஆனால் 1960 ஜூன் 30இல் காங்கோ விடுதலை பெறுவதற்கு முன்பே அச்சுரங்கம் கான்கிரீட் போட்டு மூடப்பட்டுவிட்டது. ஜூலை 11இல் கட்டங்காவின் தலைவர் மோயிஸ் சோம்பே தனிநாடு அறிவித்தபோது அவருடைய கருவூலத்தை நிரப்பியவை செம்பும் கோபால்ட்டும்தான். நடுவண் அரசுக்குச் சேர வேண்டிய வரியை நிறுவனம் அவரிடமே செலுத்த, அந்தப் பணம் அயல்நாட்டுக் கூலிப்படைக்கும் ஆயுதங்களுக்கும் போயிற்று. பதவி பறிக்கப்பட்ட பிரதமர் லுமும்பா 1961 ஜனவரியில் கொல்லப்பட்டது கட்டங்கா மண்ணில்தான். அதே ஆண்டு டிசம்பரில், ஐ.நா. படையில் சென்றிருந்த நம் கேப்டன் குர்பச்சன் சிங் சலாரியா கட்டங்காவின் தலைநகரான எலிசபெத்வில்லில் போரிட்டு மாண்டார். மறைவுக்குப் பின் அவருக்குப் பரம்வீர் சக்ரா வழங்கப்பட்டது. 1963 ஜனவரியில் அந்தத் தனிநாடு இல்லாமற்போனது.

அறுபது ஆண்டுக்கு முந்தைய கதையை இவ்வளவு வற்புறுத்துவானேன் என்று கேட்கலாம். தாதுமணல் அள்ள 2013இல் தமிழக அரசு தடை விதித்த காலத்தில், ‘எங்கள் கரையின் கனிமம் எங்களுக்கே’ என்ற பேச்சு நம் கடலோர ஊர்களில் என் காதிலும் விழுந்தது. அந்த ஆதங்கத்தை நான் குறை சொல்லவில்லை. ஆனால் கட்டங்காவில் கொடி மாறியதே தவிர, நிறுவனத்தின் கணக்குப் புத்தகம் பிரஸ்ஸல்ஸை விட்டு நகரவில்லை. கான்கிரீட் போட்டு மூடிய ஷின்கொலொப்வேயிலும் பிற்காலத்தில் ஏழைகள் கோபால்ட்டுக்காகக் கையாலேயே தோண்டினார்கள். 2004இல் அரசு தடை விதித்த பிறகும் அங்கே மண் சரிந்து உயிர்கள் போயின.

ஆகவே, எரிபொருள் ரஷ்யாவிலிருந்து வருகிறது என்பதோடு நிறுத்தாமல், அதற்கான யுரேனியம் எந்தெந்த நாட்டுச் சுரங்கங்களில் எடுக்கப்படுகிறது, அங்கே இறங்கி வேலை செய்பவர்களின் பாதுகாப்பு எப்படி இருக்கிறது என்பதையும் கட்டுரையாளர் அடுத்த பகுதியில் எழுத வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
பாளையங்கோட்டை.